அவித்த கடலை, இரண்டு பொட்டலம்

ஸ்கூடாய்,
3 ஆகஸ்ட் 2025

என் அன்புக்குரிய லோஷினி அப்பாவுக்கு,

தேன்மொழி வணக்கத்துடன் எழுதுவது. நானும் மகளும் இங்கே நலம். நீங்களும் நலமாக இருக்கிறீர்கள் என்றே வைத்துக்கொண்டு எழுதுகிறேன். வேறு எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை.

நேற்று உங்கள் கேமராக்காரர் ரூபேந்திரன் வீட்டுக்கு வந்தார். காய்ச்சல் வந்து அவர் மட்டும் பாதியில் திரும்பியதற்காக என்னிடம் மன்னிப்புக் கேட்டார். காய்ச்சலுக்கு அவர் என்ன செய்வார்? புதன்கிழமை மறுபடியும், நீங்கள் சண்டை நடக்கிற பக்கத்துக்குத் தாண்டிப் போன அந்த எல்லை ஊருக்குப் போகிறாராம். "ஏதாச்சும் எழுதிக் கொடுங்க அக்கா, அண்ணன் வெளிய வந்ததும் கையில கொடுத்துடறேன்" என்றார். பதினெட்டு வருடமாக நம் வீட்டுக்கு வருகிறார். ஒருநாளும் தட்டில் ஒரு முறுக்கு மிச்சம் வைத்தவர் இல்லை. நேற்று ஒன்றைக்கூடத் தொடவில்லை. அதைப் பார்த்த பிறகுதான் எனக்கு உண்மையாகவே பயம் பிடித்துக்கொண்டது.

இன்றோடு ஒன்பது நாள் ஆகிறது. நம் ஏற்பாட்டை நான் உங்களுக்கு நினைவூட்ட வேண்டியதில்லை. பேச முடிந்தால் பேசுவீர்கள். முடியாவிட்டால் நம் ஊர் நேரம் மாலை ஏழு மணிக்குத் தொலைபேசி இரண்டு முறை அடித்து நின்றுவிடும். நான் எடுக்கக் கூடாது. நீங்கள் உயிரோடு இருக்கிறீர்கள் என்று தெரிந்துகொண்டு சோறு வடிக்கப் போய்விடலாம். திமோரிலிருந்து அப்படி அடித்தது, ஆச்சேயிலிருந்து அடித்தது. பாக்தாத்தில் குண்டு விழுந்த வாரத்தில்கூட ஒருநாள் விட்டு ஒருநாள் அடித்தது. ஜூலை 25க்குப் பிறகு அடிக்கவில்லை.

முந்தாநாள் சரியாக ஏழு மணிக்கு அடித்தது. ஒன்று, இரண்டு என்று எண்ணினேன். மூன்று, நான்கு என்று அது பாட்டுக்குப் போய்க்கொண்டே இருந்தது. எடுத்தால் ஏதோ இன்சூரன்ஸ் விற்கிற பெண். அவளை மலாயில் பிடிபிடியென்று பிடித்துவிட்டேன். பாவம், "மாஆஃப் மக்சிக், மாஆஃப்" என்று மன்னிப்புக் கேட்டு வைத்துவிட்டாள். பிறகு அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்து அழுதேன். லோஷினியிடம் சொல்லவில்லை.

அவள் வழக்கம்போல விடிவதற்குள் பாலத்தைத் தாண்டி சிங்கப்பூருக்கு ஓடுகிறாள். அந்த ஆஸ்பத்திரி வேலை அவளைச் சக்கையாகப் பிழிகிறது. இருந்தாலும் வீட்டுக்கு வந்ததும் முதலில் என் முகத்தைப் பார்க்கிறாள். நேற்று, "அம்மா, போனத் தூக்கிக்கிட்டுக் குளிக்கப் போனீங்கன்னா போன்தான் கெட்டுப்போகும் லா" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனால் அவளும் ஏழு மணிக்கு டிவியின் சத்தத்தைக் குறைத்துவிடுகிறாள்.

உங்கள் இரத்த அழுத்த மாத்திரை இரண்டு அட்டை ஃபிரிட்ஜின் மேலேயே கிடக்கிறது. பையில் போடுங்கள் என்று மூன்று முறை சொன்னேன். தலைக்கவசம் எடுத்தீர்கள், குண்டு துளைக்காத அங்கி எடுத்தீர்கள், மாத்திரையை விட்டுவிட்டீர்கள். எந்த நாட்டுக்கும் வழி தெரிந்த மனிதருக்கு நம் ஃபிரிட்ஜுக்கு மட்டும் வழி தெரிவதில்லை.

உங்கள்மேல் எனக்குக் கோபம் இன்னும் தீரவில்லை என்பதையும் எழுதிவிடுகிறேன். கோத்தா திங்கித் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் பிறந்தவர், ஆற்று வெள்ளத்தைப் பற்றித் தமிழ்ப் பத்திரிகைக்கு எழுதத் தொடங்கி, சிங்கப்பூரின் ஆங்கிலச் செய்தி நிறுவனம் வரைக்கும் போனீர்கள். எனக்கும் பெருமைதான். நம் மலேசிய அமைதிப்படை சோமாலியாவுக்குப் போனபோது கூடப் போனவர், அதற்குப் பிறகு எங்கே வெடித்தாலும் முதல் விமானத்தில் ஏறினீர்கள். லோஷினி பிறந்தபோது சராயேவோவில் இருந்தீர்கள். கோத்தா திங்கியில் உங்கள் அம்மாவின் வீடு கூரைவரை முங்கியபோது மொகடிஷுவில் இருந்தீர்கள். அத்தையைப் படகில் ஏற்றி அழைத்து வந்தது நான். அப்போதெல்லாம் நான் ஒரு வார்த்தை சொன்னதில்லை. அறுபது வயதில் விருந்து வைத்து, கைக்கடிகாரம் கட்டி அனுப்பினார்கள். இரண்டு வருடம் வீட்டில் இருந்தீர்கள். பல்கலைக்கழகத்தில் வாரம் ஒரு வகுப்பு, காலையில் கறிவேப்பிலைச் செடிக்குத் தண்ணீர். ஆயிற்று, இனி நமக்கு என்று நினைத்தேன். ஜூன் மாதம் அவர்கள் கூப்பிட்டார்கள். அந்த எல்லைப் பாதை தெரிந்தவர் வேறு யாரும் இல்லையாம், மூன்றே வாரம்தானாம். ஜூலை 12 அன்று போய்விட்டீர்கள்.

கிளம்பும்போது வழக்கமாகக் கேட்டருகில் நின்று, "கேட்டைப் பூட்டிக்கோ தேனு" என்பீர்கள். அன்று வேறு ஒன்று சொன்னீர்கள். நான் வாயைத் திறக்கவில்லை. அதைப் பற்றி நீங்கள் வந்த பிறகு பேசலாம். இப்போதைக்கு எனக்குத் தொலைபேசி அந்த இரண்டு முறை அடித்தால் போதும்.

முருகன் உங்கள் பக்கத்தில் நிற்கட்டும்.

இப்படிக்கு,
தேன்மொழி


ஸ்கூடாய்,
24 ஆகஸ்ட் 2025

லோஷினி அப்பாவுக்கு,

முதலில் எழுதிய கடிதம் என்னிடமே திரும்பி வந்துவிட்டது. ரூபேந்திரன் உறையைப் பிரிக்காமல் கொண்டுவந்து மேசையில் வைத்தார். எல்லையைத் தாண்ட அவரை விடவில்லையாம். இதையும் இப்போது அனுப்ப வழியில்லை. எழுதாமல் இருந்தால் எனக்குத் தலை வெடித்துவிடும்போல் இருக்கிறது, அதனால் எழுதி வைக்கிறேன்.

பத்து நாளுக்கு முன் உங்கள் அலுவலகத்தின் பாதுகாப்பு அதிகாரி லோகேஸ்வரன் சிங்கப்பூரிலிருந்து வந்தார். செருப்பைக் கழற்றும்போதே அவர் முகம் சரியில்லை. ஆயுதக் குழு ஒன்று உங்களைப் பிடித்து வைத்திருக்கிறது என்றார். நடுவில் ஒருவர் பேசுகிறார், நீங்கள் உயிரோடு இருப்பதாகச் சொல்கிறார். அது மெய்யா பொய்யா என்று தெரிந்துகொள்ள உங்களிடம் ஒரு கேள்வி கேட்டு அனுப்ப வேண்டும். உங்களுக்கு மட்டுமே பதில் தெரிந்த கேள்வி. அது ஏற்கெனவே அலுவலகத்தில் இருக்கிறது, 2004-இல் நீங்களே ஒரு படிவத்தில் எழுதிக் கொடுத்தது என்றார்.

எனக்கு அந்தப் படிவம் உடனே நினைவுக்கு வந்தது. உங்களுக்கும் வந்திருக்கும். சாப்பாட்டு மேசையில் ஒரு பக்கம் நான் ஐந்தாம் ஆண்டுப் பிள்ளைகளின் கட்டுரையைத் திருத்திக்கொண்டிருந்தேன், எதிர்ப்பக்கம் நீங்கள். நான் ஒருநாள் காணாமல் போனால் கேட்கிற கேள்வி இது என்று விளையாட்டாகச் சொன்னீர்கள். கல்யாணம் முடிந்த மறுநாள் மெர்சிங் படகுத்துறையில் நாம் என்ன சாப்பிட்டோம் என்று கேள்வியை எழுதினீர்கள். பதிலில் "அவித்த கடலை" என்று எழுதினீர்கள். நான் விடுவேனா? நம் குடும்பத்தின் பழைய சண்டையல்லவா அது. ரொட்டி சானாய் என்று நான் சொல்ல, கடலை என்று நீங்கள் சொல்ல, பதினான்கு வருடமாக அப்போதே நடந்துகொண்டிருந்தது. என் கையிலிருந்த சிவப்புப் பேனாவால் கடலையை அடித்தேன். "நடந்ததைத்தான் எழுதணும், இது பரீட்சைத் தாள் இல்லை" என்றேன். நீங்கள் சிரித்துக்கொண்டே புதுப் படிவம் எடுத்து, என் பதிலை எழுதிக் கையெழுத்துப் போட்டீர்கள்.

கேள்வி போனது. ஐந்து நாள் நானும் லோஷினியும் சாப்பிட்டதாகவே நினைவில்லை. செவ்வாய்க்கிழமை லோகேஸ்வரன் மறுபடியும் வந்தார். இந்த முறை உட்காரவே இல்லை. பதில் வந்திருக்கிறது, ஆனால் படிவத்தில் உள்ளதோடு பொருந்தவில்லை என்றார். நடுவில் பேசுகிறவரிடம் நீங்கள் இல்லை என்று மேலிடத்தில் முடிவு செய்துவிட்டார்கள், பேச்சை அன்று காலையிலேயே நிறுத்திவிட்டார்கள் என்றார். என்ன பதில் வந்தது என்று கேட்டேன். தாளைப் பார்த்து வாசித்தார். அவித்த கடலை, இரண்டு பொட்டலம்.

நான் சிரித்துவிட்டேன். அழுகையும் சேர்ந்துகொண்டது. எனக்கு என்னவோ ஆகிவிட்டது என்று லோஷினி தண்ணீர் எடுக்க ஓடினாள். அவர்தான், அவர்தான், இந்த உலகத்தில் வேறு யாரும் இந்தத் தப்பான பதிலைச் சொல்ல மாட்டார்கள் என்று லோகேஸ்வரனின் கையைப் பிடித்துக்கொண்டேன். அவர் நல்ல மனிதர். கையை விடுவித்துக்கொள்ளவில்லை. "நான் நம்புறேன் அக்கா. ஆனா மேல உள்ளவங்க, பாவம், பொண்டாட்டி ஆசையில சொல்றாங்கன்னு நினைப்பாங்க. கையில காட்ட ஏதாச்சும் வேணும்" என்றார்.

அப்போதுதான் உங்கள் குறிப்பேடுகள் நினைவுக்கு வந்தன. கண்ணில் பட்டதை அன்றன்றே எழுதாமல் நீங்கள் தூங்கியதில்லை. கல்யாணமான வாரத்தில்கூட எழுதினீர்கள், அதற்காக நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டதும் உண்டு. பின்னறையில் முந்நூறுக்கு மேல் இருக்கிறது. எண் போட்டிருக்கிறீர்கள், ஆனால் வரிசையாக அடுக்கவில்லை. இரண்டு நாள் பெட்டி பெட்டியாகப் பிரித்தோம். பாச்சாவுருண்டை வாசனையில் லோஷினிக்கு மூச்சுமுட்டிவிட்டது. எத்தனை ஊர், எத்தனை பெயர்! ஒவ்வொரு பெயருக்குப் பக்கத்திலும் வயது எழுதியிருக்கிறீர்கள், செத்தவர்களுக்கும் எழுதியிருக்கிறீர்கள். இவ்வளவையும் பார்த்துவிட்டு வந்து எப்படி என்னோடு உட்கார்ந்து ரசம் சோறு சாப்பிட்டீர்கள் என்று நினைத்தேன். நான் ஒருநாளும் கேட்டதில்லை.

வியாழக்கிழமை மத்தியானம் லோஷினி அதைக் கண்டுபிடித்தாள். 1990 டிசம்பர், பதினொன்றாம் எண். உங்கள் கையெழுத்தில் இருந்தது: "மெர்சிங். கடல் கொந்தளிப்பு, தீவுக்குப் படகு இல்லை. பள்ளி விடுமுறை மழைக்காலத்தில் வருகிறது என்பதை நாங்கள் இருவருமே யோசிக்கவில்லை. தே. ரொட்டி சானாய் கேட்டாள். கடை மூடியிருந்தது. மழையில் ஒரு கிழவி விற்ற அவித்த கடலை, இரண்டு பொட்டலம். தே. என் பொட்டலத்தையும் சேர்த்துச் சாப்பிட்டாள்."

லோஷினி வாசித்துவிட்டு என்னைப் பார்க்காமல் நோட்டை என் மடியில் வைத்தாள். எனக்கு அந்த மூடிய கடை நினைவுக்கு வந்துவிட்டது. நீலப் பலகை போட்ட கடை. நான் ஆசைப்பட்டதைத்தான் இத்தனை வருடம் சாப்பிட்டதாக நினைத்துக்கொண்டிருந்திருக்கிறேன். முப்பத்துநாலு வருடம் உங்களோடு மல்லுக்கு நின்றேன். சபையில், கல்யாண வீடுகளில், உங்கள் நண்பர்கள் முன்னால், "இவருக்கு ஊர் உலகமெல்லாம் ஞாபகம் இருக்கும், வீட்டு விஷயம் மட்டும் இருக்காது" என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தேன்.

அந்தச் சிவப்புப் பேனாவை அலமாரிக்குள் போட்டுப் பூட்டிவிட்டேன். துப்பாக்கி முனையில் உட்கார்ந்துகொண்டு நீங்கள் உண்மையைச் சொல்லியிருக்கிறீர்கள். நான் திருத்தியதால் அது பொய்யாகிவிட்டது. பேச்சு மூன்று நாள் நின்று கிடந்தது. அந்த மூன்று நாளில் உங்களுக்கு ஏதாவது நடந்திருந்தால்? இதை யாரிடமும் சொல்ல முடியவில்லை. லோஷினியிடம் சொன்னால், "விடுங்கம்மா, அப்பா கேட்டா சிரிப்பாரு" என்கிறாள். நீங்கள் வந்து சிரித்தால்தான் நான் நம்புவேன்.

நோட்டுப் பக்கத்தின் படத்தைப் பார்த்த பிறகு மேலிடம் ஒத்துக்கொண்டது. மறுபடியும் பேசுகிறார்கள். ஆனால் இன்னொரு கேள்வி வேண்டுமாம். இந்த முறை இரண்டு பேருக்கும் ஒரே பதில் தெரிந்ததாக இருக்க வேண்டும், தகராறு இருக்கக் கூடாது என்று லோகேஸ்வரன் தயங்கித் தயங்கிச் சொன்னார். ஒரு நாள் முழுக்க யோசித்தேன். நீங்கள் வீட்டில் இருந்த காலத்தையெல்லாம் கூட்டிப் பார்த்தால் பன்னிரண்டு வருடம் தேறாது. அதில் நீங்களும் நானும் மட்டும் அறிந்த, இரண்டு பேரும் ஒரே மாதிரி நினைவு வைத்திருக்கிற விஷயம் எது? தேடத் தேடக் கிடைக்கவில்லை. கடைசியில் ஒன்று கிடைத்தது. எழுதிக் கொடுத்துவிட்டேன். அதை எங்கும் எழுதக் கூடாது, மகளிடமும் சொல்லக் கூடாது என்று சொல்லியிருக்கிறார்கள். இங்கேயும் எழுதவில்லை.

பதில் எனக்கு நன்றாகத் தெரியும். உங்களுக்கு அது ஞாபகம் இருக்கிறதா, இல்லை வாய் தவறிச் சொன்னதா என்பதுதான் என் பயம். தயவுசெய்து கொஞ்சம் நிதானமாக யோசித்துப் பதில் சொல்லுங்கள். பழக்கத்தில் எதையாவது சொல்லிவிடாதீர்கள்.

உங்களைத் திருத்தியதற்கு மன்னிப்புக் கேட்கும்,
தேன்மொழி


ஸ்கூடாய்,
9 செப்டம்பர் 2025

லோஷினி அப்பாவுக்கு,

நேற்று மாலை பதில் வந்துவிட்டது. இனி எழுதலாம் என்று லோகேஸ்வரன் அனுமதி கொடுத்துவிட்டார், அதனால் எழுதுகிறேன்.

நான் அனுப்பிய கேள்வி, "வீட்டை விட்டுக் கிளம்பும்போது கேட்டருகில் மனைவியிடம் கடைசியாக என்ன சொன்னீர்கள்?" என்பது. அனுப்பிய நாளிலிருந்து எனக்கு உறக்கமே இல்லை. எத்தனையோ பயணம் கிளம்பியிருக்கிறீர்கள், ஒவ்வொரு முறையும் சொன்னது "கேட்டைப் பூட்டிக்கோ தேனு" என்பதுதான். யார் கேட்டாலும் அதுதான் உங்கள் வாயில் முதலில் வரும். அப்படி ஒரு பதில் வந்திருந்தால் இந்த முறை எடுத்துக் காட்ட என்னிடம் நோட்டு இல்லை. அந்தக் கேள்வியை ஏன் எழுதிக் கொடுத்தோம், பேசாமல் லோஷினியின் செல்லப் பெயரைக் கேட்டிருக்கலாமே என்று என்னையே திட்டிக்கொண்டிருந்தேன்.

லோகேஸ்வரன் தொலைபேசியில்தான் சொன்னார். தமிழ் தெரியாத யாரோ ஒருவர் நீங்கள் சொன்னதைக் காதில் கேட்டபடி ஆங்கில எழுத்தில் எழுதியிருக்கிறார். அவர் எழுத்துக் கூட்டி வாசிக்கத் தொடங்கியதுமே எனக்குப் புரிந்துவிட்டது. முழுவதும் வாசிக்கும்வரை பொறுமையாகக் கேட்டேன்.

"போகட்டுமா தேனு?"

நீங்கள் மறக்கவில்லை. வாய் தவறியும் சொல்லவில்லை. லோஷினியைக் கட்டிக்கொண்டு அழுதேன். அப்பா உயிரோடு இருக்கிறார் என்ற சந்தோஷத்தில் அழுகிறேன் என்று அவள் நினைத்துக்கொண்டாள். அதுவும்தான்.

இந்த முப்பத்துநாலு வருடத்தில் நீங்கள் என்னிடம் கேட்டது அந்த ஒரு முறைதான். மற்ற எல்லா முறையும் போகிறேன் என்றுதான் சொன்னீர்கள். இவ்வளவு வருடம் கேட்காதவர் டாக்சி வந்து நின்ற பிறகு எதற்குக் கேட்கிறார் என்று எனக்குக் கோபம் வந்தது. பதில் இருந்தது, முகத்தைத் திருப்பிக்கொண்டேன். நீங்கள் பையைத் தோளில் போட்டுக்கொண்டு, ஒரு நிமிடத்துக்குக் குறையாமல் நின்றீர்கள். டாக்சிக்காரர் ஹார்ன் அடித்தார். நான் கேட்டைப் பூட்டினேன். நீங்கள் நின்றது எதற்கு என்று இப்போது புரிகிறது. நான் சொல்லியிருந்தால் பையை இறக்கி வைத்திருப்பீர்கள். உங்களுக்கு இந்த முறை போக மனமில்லை, யாராவது ஒருவர் தடுக்க வேண்டும் என்று நினைத்தீர்கள். தடுக்க வேண்டிய ஒருத்தி வாயை மூடிக்கொண்டு நின்றாள்.

இனி என்ன ஆகும் என்று யாரும் உறுதியாகச் சொல்லவில்லை. ஒரு வாரம் ஆகலாம், மாதக் கணக்கும் ஆகலாம், நடுவில் எதுவும் மாறலாம் என்கிறார் லோகேஸ்வரன். உங்களை விட்டால் முதலில் அழைத்து வருவது எல்லை ஊருக்குத்தான் என்பதால் ரூபேந்திரன் நாளைக்கே போய் அங்கே காத்திருக்கப் போகிறார். இன்று நான்கு முறுக்கு சாப்பிட்டார். அதை நான் நல்ல சகுனமாக எடுத்துக்கொண்டிருக்கிறேன். மூன்று கடிதத்தையும் ஒரே உறையில் வைத்துக் கொடுக்கிறேன். மாத்திரை அட்டையும் கூடவே இருக்கிறது, கடிதத்தைப் படிப்பதற்கு முன்னால் ஒன்று போட்டுக்கொள்ளுங்கள். உள்ளே இரண்டு சின்னப் பொட்டலம் இருக்கும். அவித்த கடலை அவ்வளவு தூரம் தாங்காது என்று வறுத்து வைத்திருக்கிறேன். இரண்டும் உங்களுக்குத்தான். நீங்கள் வந்து சேர்ந்ததும் மெர்சிங் போவோம், மழைக்காலமானாலும் சரி.

மாலை ஏழு மணிக்கு இன்னமும் தொலைபேசியின் பக்கத்தில்தான் இருக்கிறேன். இந்த முறை அது எத்தனை முறை அடித்தாலும் எடுத்துவிடுவேன்.

நீங்கள் கேட்ட கேள்விக்கு ஐம்பத்தொன்பது நாள் கழித்துப் பதில் எழுதுகிறேன். காலம் கடந்து எழுதியதற்கு எந்த மதிப்பெண்ணும் கிடையாது என்று பிள்ளைகளிடம் சொன்னவள் நான். இருந்தாலும் படியுங்கள்.

வேண்டாம். போக வேண்டாம். வீட்டுக்கு வந்துவிடுங்கள்.

உங்கள்
தேனு